தண்ணீர் குடித்த தரை

நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். எழுத்து எனக்கு மெதுவாகத்தான் வரும். என்றாலும் மரவீட்டுக் கதையை நானே எழுத வேண்டும். வேறு யாராவது எழுதினால், பாவம், காட்டுக்குள் கிடந்து கஷ்டப்பட்டார்கள் என்று எழுதிவிடுவார்கள். நாங்கள் கஷ்டப்படவில்லை. முழு மரங்களை ஒன்றின் மேல் ஒன்றாகப் படுக்க வைத்துக் கட்டிய அந்த வீட்டில் பதினொரு வருடம் இருந்தோம். பனி கொட்டினாலும் அங்கேதான், வெயில் எறித்தாலும் அங்கேதான்.

என் கணவர் வல்வெட்டித்துறைக்காரர். தோணி கட்டுகிற குடும்பம். கப்பலில் வேலை செய்து, அறுபதுகளின் தொடக்கத்தில் ஜெர்மனியில் இறங்கியவர். கொலோனிலிருந்து ரயிலில் ஒரு மணித்தியாலம் கிழக்கே, காட்டோரம் ஒரு மர ஆலை. அங்கே அவருக்கு வேலை கிடைத்தது. ஆலை முதலாளி முன்பு வேட்டைக்கு வருகிற தன் சிநேகிதர்களுக்காகக் கட்டிய வீடு சும்மா கிடந்தது. இருங்கள் என்று திறப்பைக் கொடுத்துவிட்டார். அந்த மனிதரை நான் இன்றைக்கும் சாமி கும்பிடும்போது நினைப்பேன்.

அறுபதுகளின் கடைசியில் நான் வந்து சேர்ந்தேன். சீதனமாகக் கல்வீடு கொண்டுவந்த பெண் நான். கடிதங்களில் அவர் "வீடு இருக்கு" என்றுதான் எழுதியிருந்தார், மரம் என்று எழுதவில்லை. வாசலில் நின்று பார்த்தபோது எனக்கு முகம் சிவந்துவிட்டது. இரண்டு நாள் அவரோடு சரியாகப் பேசவில்லை. மூன்றாம் நாள் பனி விழுந்தது. அடுப்பை மூட்டி, சுவரில் கையை வைத்துப் பார்த்தேன். மரம் சூடாக இருந்தது. மாட்டின் வயிற்றில் கை வைத்தது போல இருந்தது. கல் இப்படிச் சூடு வைத்திருக்காது. அன்றைக்கே அந்த வீடு எனக்குப் பிடித்துவிட்டது. அவரிடம் மட்டும் ஒரு மாதம் சொல்லவில்லை.

அடுத்த வருடம் மகள் பிறந்தாள். அவளைப் பதியப் போன இடத்தில்தான் வினை வந்தது. பதிவுக் கந்தோரில் இருந்தவர்கள் விலாசத்தைக் கேட்டார்கள், பிறகு ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். அது விடுமுறைக்கு வந்து தங்குகிற வீடு, வருடம் முழுக்க அங்கே குடியிருக்க ஏலாது, கைக்குழந்தையோடு கேட்கவே வேண்டாம் என்றார்கள். நகரத்தில் ஒரு கடைக்கு மேல் ஓர் அறை இருக்கிறது, அங்கே போங்கள் என்றார்கள். அந்த அறையைப் போய்ப் பார்த்தோம். யன்னலைத் திறந்தால் எதிர்ச் சுவர். நான் வாசலைத் தாண்டி உள்ளே கால் வைக்கவில்லை.

முதலாளி எங்களுக்காகப் பேசினார். ஆலையின் மரக்குவியல்களைக் காவல் பார்க்கிற ஆள் இவர், காவலாளி இருக்கிற வீடு விடுமுறை வீடு அல்ல என்று அன்ட்ராக், அதுதான் விண்ணப்பம், எழுதிக் கொடுத்தார். சரி, ஆனால் குளிர் காலத்தில் மனிதர் இருக்கத் தக்க வீடா என்று பார்க்க வேண்டும் என்றது கந்தோர். வீட்டைப் பார்க்க வருவதற்கு டெர்மின் என்று நாள் குறித்துத் தந்தார்கள். மார்கழியில் ஒரு வெள்ளிக்கிழமை, காலை பத்து மணி.

எனக்குத் தெரிந்த முறை ஒன்றுதான். மதிப்பான ஆள் வீட்டுக்கு வருகிறார் என்றால் முதல் நாள் வீடு கழுவ வேண்டும். வியாழக்கிழமை அவர் வேலைக்குப் போனதும் பிள்ளையைத் தொட்டிலில் விட்டேன். பம்பில் அடித்து அடித்து எட்டு வாளி தண்ணீர் கொண்டுவந்து, சுவரோரம் தொடங்கி வாசல் வரைக்கும் ஊற்றி, விளக்குமாற்றால் தேய்த்துத் தள்ளினேன். சீமெந்துத் தரை என்றால் தண்ணீர் வாசலால் வெளியே ஓடும். பலகைத் தரையில் பாதிகூட வெளியே வரவில்லை. எங்கே போனது என்று நான் யோசிக்கவும் இல்லை. மினுக்கமாக இருக்கிறது என்று சந்தோஷப்பட்டேன்.

வெள்ளி விடிய எழும்பிப் பார்த்தால் தரை மேடும் பள்ளமுமாகக் கிடந்தது. பலகைகள் தண்ணீரைக் குடித்து ஊதி ஒன்றை ஒன்று நெருக்கியிருந்தன. கதவு உள்ளே திறக்கிற கதவு. அது எழும்பின பலகையில் இறுகி அசையவில்லை. அன்றைக்கென்று லீவு எடுத்திருந்த அவர், கைப்பிடியைப் பிடித்து இழுத்தும் உதைத்தும் பார்த்துவிட்டு நிலத்தில் குந்தினார்.

"இஞ்சாரும், நீர் வீடு கழுவினீரோ, தோணி இறக்கினீரோ?" என்றார்.

சிரிக்கிற நிலையில் நான் இல்லை. பத்து மணிக்குச் சரியாகக் கதவில் தட்டுகிற சத்தம். கதவைத் திறக்க முடியாமல் யன்னலைத் திறந்தோம். வெளியே கறுப்புத் தொப்பியும் தோல் பையுமாகக் கந்தோர் அனுப்பிய ஒரு பருத்த மனிதர், அரை முழங்கால் பனியில் நிற்கிறார். அவர் திரும்பிப் போயிருக்கலாம். வாசல் திறக்காத வீடு என்று ஒரு வரி எழுதியிருந்தால் எங்கள் கதை அன்றோடு முடிந்திருக்கும். அவர் பையை முதலில் நீட்டினார், பிறகு தொப்பியை. விறகு கொத்துகிற குற்றியின் மேல் ஏறி, மூச்சு வாங்கி, என் கணவர் இரண்டு கையையும் பிடித்து இழுக்க, யன்னலால் உள்ளே வந்துவிட்டார்.

தேத்தண்ணீர் கொடுத்தேன். குடித்துவிட்டு வேலையைத் தொடங்கினார். புகைபோக்கியைப் பார்த்தார், சுவர் மரங்களின் இடுக்கில் பாசி அடைத்திருப்பதை விரலால் அமத்திப் பார்த்தார். சரி என்று தலையை ஆட்டினார். பிறகு பையிலிருந்து ஒரு மெழுகுதிரியை எடுத்துப் பற்றவைத்து, முழங்காலில் நின்று தரையோரமாகக் கொண்டுபோனார். இப்படிப்பட்ட வீடுகள் கல்லுக் குற்றிகளின் மேல் நிற்பவை, கீழிருந்து காற்று வருமா என்றுதான் முக்கியமாகப் பார்க்க வந்தேன் என்றார். தொட்டிலுக்குப் பக்கத்தில் அதிக நேரம் பிடித்துக்கொண்டிருந்தார். சுடர் நிமிர்ந்து நின்றது. ஒரு சின்ன ஆட்டம்கூட இல்லை. நல்ல தரை என்று எழுதப் பேனையை எடுத்தார்.

போன கிழமை வரைக்கும் அந்த இடத்தில் வெறுங்காலை வைத்தால் ஊசி மாதிரிக் காற்று ஏறும். பலகை ஊதினபடியால்தான் இடுக்கெல்லாம் அடைபட்டிருந்தது. காய்ந்தால் முன்னையிலும் அகலமாகத் திறக்கும். இது என் கணவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். பேனை பிடித்த மனிதருக்கு மட்டும் தெரியாது.

என் முகத்தைப் பார்த்ததும் என் கணவருக்கு விளங்கிவிட்டது. "ஒண்டும் சொல்லாதையும். கடவுளாத் தந்தது" என்று தமிழில் மெதுவாகச் சொன்னார்.

"அந்த ஆள் ஏமாந்து தாறது எனக்கு வேண்டாம். பிள்ளை இந்தத் தரையிலைதானே தவழப் போகுது? நீங்கள் சொல்லுங்கோ. இல்லாட்டி நான் சொல்லுவன்" என்றேன்.

அவர் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். எனக்கு அப்போது ஜெர்மன் பத்துச் சொல்லுக்கு மேல் தெரியாது. நான் வாளியைத் தூக்கிக் காட்டினேன். எட்டு விரலைக் காட்டினேன். தரையைக் காட்டி, தண்ணீர் என்பதற்கு "வாஸர்" என்றேன். பிறகு குனிந்து, பலகை இடுக்கில் வாயை வைத்து ஊதிக் காட்டினேன், காற்று வரும் என்று. அந்த மனிதர் மெழுகுதிரியைக் கையில் பிடித்தபடி என்னையே பார்த்தார். கடைசியில் என் கணவர் தலையைக் குனிந்துகொண்டு முழுவதையும் சொன்னார். உங்களுக்காகத்தான் கழுவினவள் என்பதையும் சேர்த்து.

அந்த மனிதர் கோபிக்கவில்லை. மெழுகுதிரியை ஊதி அணைத்தார். கந்தோரிலிருந்து வருகிற தனக்காக ஒருவரும் இதுவரை தரை கழுவியதில்லை என்றார். பேனையை மூடிப் பையில் வைத்துவிட்டு, தரை காயட்டும், மூன்று கிழமையில் வருகிறேன், அப்போது சுடர் ஆடக் கூடாது என்றார். வந்த யன்னலாலேயே இறங்கிப் போனார்.

அந்த மூன்று கிழமையில் என் கணவரின் கையில் தோணி வேலை எழும்பி வந்தது. பலகை காய்ந்து, இடுக்குகள் சுண்டுவிரல் நகம் நுழையும் அளவுக்குத் திறந்தன. என்னுடைய பழைய நூல்சேலைகளில் நான்கைக் கிழித்து, முறுக்கி, எண்ணெயும் தாரும் தோய்த்துக் கொடுத்தேன். அவர் ஓர் உளியை மழுக்கிக்கொண்டு, தோணிக்குப் பஞ்சு அடைப்பது போல, இடுக்கு இடுக்காக அடித்து இறக்கினார். வேலையால் வந்து சாப்பிட்டுவிட்டு இரண்டு மணித்தியாலம், ஒவ்வொரு நாளும். தார் மணத்தில் பிள்ளை தும்மும். நான் யன்னலைத் திறப்பேன், அவர் மூடச் சொல்லுவார். சுவரோரம் முடிந்த அன்று அவர் நிமிர்ந்து, "இனி இதைக் கடலிலை விட்டாலும் மிதக்கும்" என்றார்.

சொன்ன நாளில் அந்த மனிதர் வந்தார். இந்த முறை கதவு திறந்தது. உள்ளே வரும்போது சப்பாத்தைத் தானாகவே கழற்றினார், ஒருவரும் சொல்லவில்லை. தரையெல்லாம் கறுப்புக் கோடு கோடாக இருந்ததைப் பார்த்து, இது என்ன என்று கேட்டார். தோணி என்றார் என் கணவர். மெழுகுதிரி சுவரோரம் போனது, தொட்டிலடியில் நின்றது, வாசலுக்கு வந்தது. எனக்கு அந்த நேரம் ஒரு வருடம் மாதிரி இருந்தது. சுடர் ஆடவில்லை. அவர் அந்த இடத்திலேயே, நிலத்தில் இருந்தபடியே, குளிர் காலத்திலும் இருக்கத் தக்க வீடு என்று எழுதினார்.

அவர் நினைத்திருந்தால் முதல் நாளே எங்களை அனுப்பியிருக்கலாம். நான் சொன்ன பிறகும் அனுப்பியிருக்கலாம். அந்த மூன்று கிழமையைத் தந்தாரே, அதில்தான் என் மகளும் அவளுக்குப் பின் பிறந்த பிள்ளையும் வளர்ந்தார்கள்.

அடுத்த கிழமை பிள்ளையைப் பதிய அவளைத் தூக்கிக்கொண்டு கந்தோருக்குப் போனோம். எங்கே குடியிருக்கிறீர்கள் என்று மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த பெண் கேட்டாள். என் கணவர் பதில் சொல்ல வாயெடுத்தார். நான் அவர் கையை அமத்திவிட்டு, வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்த பாதையின் பெயரையும் எங்கள் வீட்டுக்குப் புதிதாகக் கிடைத்த இலக்கத்தையும் நானே சொன்னேன். அவள் திருப்பிக் கேட்கவில்லை. எழுதிக்கொண்டாள்.