ஹெல்கா மேடம் கல் பார்க்க வந்த கதை

மொழிபெயர்ப்பாளர் வேலையில் வாய் மட்டும்தான் நம்முடையது. அதில் வரும் முட்டாள்தனமெல்லாம் அடுத்தவருடையது. இந்த வேலையில் நொந்தவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

ஊட்டி காந்தலில் இருக்கும் எனக்கு ஒரு சீசன் முழுக்க ஹெல்கா மேடத்தோடு வேலை. ஜெர்மனியில் தாமிரம் உருக்கும் உலைத் தொழிலாளியின் மகள். கனிமமும் உலோகமும் படித்து, வாழ்நாளெல்லாம் கல்லோடு குடித்தனம் நடத்தி ஓய்வு பெற்றவர். இந்த மலையில் பாறை மக்கி மண்ணாவதைப் பார்க்க வந்திருந்தார். பார்த்தது வேறு.

மஞ்சள் கல்

கூடலூர்ப் பக்கம் வெள்ளைக்காரன் தோண்டிக் கைவிட்ட தங்கச் சுரங்கங்கள் உண்டு. அங்கே போனதும் ஒரு பாத்திரக்கடை முதலாளி வேட்டி மடிப்பிலிருந்து மஞ்சளாக மின்னும் கல்லை எடுத்து நீட்டினார். மேடம் அதைப் பீங்கான் துண்டில் தேய்த்தார். கறுப்பாகக் கோடு விழுந்தது. இரும்பும் கந்தகமும்தான், தங்கமில்லை என்றார். அப்படியே சொன்னேன். முதலாளி என்னைத் தனியே இழுத்துப் போனார்.

"ஏனுங்க, அந்தம்மா தங்கம்னுதான் சொல்லியிருக்கும். உங்களுக்கு எத்தனை பங்கு வேணும், சொல்லுங்க!"

நீல மோதிரம்

கோத்தகிரி லாட்ஜில் கோயமுத்தூர் அதிகாரி ஒருவர் தன் நீலக்கல் மோதிரத்தைக் காட்டினார். ரிட்டயர் ஆகியும் அதிகாரம் குறையாத ஆள். மேடம் லென்ஸ் வைத்துப் பார்த்து, கண்ணாடி என்றார். அதிகாரிக்கு முகம் சிவந்தது.

"ஜெர்மனிக்குச் சனி பார்வை கிடையாதுங்க. இவங்களுக்கு எப்படித் தெரியும்?"

குன்னூர் விடுதி

ஒரு விடுதிக்காரர் காட்டேஜ் கட்ட மலையைச் செங்குத்தாக வெட்டியிருந்தார். மேடம் அந்த வெட்டில் ஒரு பிடி வெள்ளைக் களிமண்ணை எடுத்து நனைத்தார். சோப்பு மாதிரி வழுக்கியது. மேலே விரிசல். கீழே வேலையாட்களின் வீடுகள். மழைக்கு முன்னால் அவர்களை வெளியேற்றச் சொன்னார். மூன்று தடவை மொழிபெயர்த்தேன். விடுதிக்காரர் காபி சாப்பிடுகிறீர்களா என்று கேட்டார்.

மேடம் காபியைத் தொடவில்லை. நேரே வீடுகளுக்கு இறங்கினார். வாசலில் நின்ற மாரியாயி அக்கா இலங்கைத் தோட்டத்தில் பிறந்தவர். நான் சொல்லி முடிக்கும் முன்பே, "கண்டியிலயும் இப்பிடித்தான் மண்ணு வந்திச்சு, தொரசாணி. இப்பவே கெளம்புறோம்" என்று மற்ற வீடுகளையும் கூப்பிட்டார். எல்லோரும் பள்ளிக்கூடத்தில் போய்த் தங்கினார்கள். அந்த வாரமே மழை பிடித்தது. மலை சரிந்து வீடுகளை மூடியது. உயிர்ச்சேதம் இல்லை. நிருபர்கள் முன்னால் விடுதிக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னார்:

"அந்தம்மா வந்து நோண்டுனதுலதானுங்க மலை எறங்கிருச்சு!"

பாறை மண்ணாகப் பல்லாயிரம் வருஷம் ஆகுமாம். மனுஷன் மண்ணாங்கட்டியாக ஒரு விடுதி கட்டினால் போதும்.