என் மூன்றாவது சண்டையை ஜெயித்தவர்

பெங்களூரில் ஒரு ஓட்டல் ஹாலில் இரண்டாவது ரவுண்டுக்குப் பெல் அடித்தது. எழுந்தேன். எதிராளி இடது கையைக் கொஞ்சம் இறக்கி வைத்திருந்தான். மகனே, இன்றைக்கு உனக்கு இருக்கிறது என்று நினைத்துக்கொண்டு கிட்டே போனேன்.

அடுத்து எனக்குத் தெரிந்தது வெள்ளை. முன்னால் வெள்ளை, பின்னால் வெள்ளை, காலடியில் சொதசொதவென்று ஈரம். தூரத்தில் பெண்கள் ஒருவர் பின் ஒருவராகக் கூவிக்கொண்டிருந்தார்கள். செத்துப்போய்விட்டேன் என்றுதான் முதலில் நினைத்தேன். பயம்கூட வரவில்லை. அட, இவ்வளவுதானா என்று இருந்தது.

பிறகு முகத்தில் ஒரு நீள இலை உரசியது. கசக்கிப் பார்த்தேன், ஏலக்காய் வாசம். போடிமெட்டுக்கு அந்தப் பக்கம், கேரளத்தில் ஏதோ ஒரு தோட்டத்துச் சரிவில், என் தலைக்கு மேல் வளர்ந்த செடிகளுக்கு நடுவே நின்றுகொண்டிருந்தேன். எப்படி வந்தேன் என்று சத்தியமாகத் தெரியவில்லை.

மலையில் மேகம் இறங்கிவிட்டால் நாலு எட்டுக்கு அப்பால் ஆள் தெரியாது. காய் எடுக்கும் பெண்கள் செடியின் தூரில் குந்தி எடுப்பதால் முழுசாக மறைந்துவிடுவார்கள். அதனால் வரிசையின் ஒரு கோடியில் ஒருத்தி ‘ஊய்’ என்று கூவுவாள். அடுத்தவள் வாங்கிக் கூவுவாள், அப்படியே மறு கோடிவரை போகும். ஒரு குரல் குறைந்தால் வேலையைப் போட்டுவிட்டுத் தேடுவார்கள். அன்று குறையவில்லை. கடைசிப் பெண் கூவி முடித்த பிறகு, யாருமே வேலை செய்யாத சரிவிலிருந்து இன்னொரு குரல் வந்தது. அத்தனை பேரும் எழுந்து ஓடிவந்து ஒரே இடத்தில் ஒட்டிக்கொண்டு நின்றார்களாம். கங்காணி மட்டும் தைரியமாக, “ஆரா அவிடே?” என்று மலையாளத்தில் கத்தினார். அந்தக் குரல் மறுபடியும் கூவியது. என் தொண்டை அதிர்ந்ததில்தான், கூவுவது நான் என்று எனக்கே தெரிந்தது.

மேகத்தைக் கையால் விலக்குகிறவர் மாதிரி மச்சான் வந்தார். என் பெண்டாட்டியின் அண்ணன். போடியிலும் சிலமலையிலும் விடியலில் பெண்களை ஏற்றிக்கொண்டு மலைக்குப் போய், சாயங்காலம் திரும்பக் கொண்டுவந்து விடும் ஜீப் அவருடையது. சண்டையன்று எனக்கு ரிங் ஓரத்தில் ஸ்டூல் போட்டுத் தண்ணீர் கொடுத்து வீக்கத்தில் ஐஸ் வைப்பவரும் அவர்தான்.

“ஒண்ணுக்குப் போறேன்னுட்டு இம்புட்டு தூரமா மாப்ளே வருவ? பொம்பளையாளுக பேயின்னு வெலவெலத்துக் கெடக்குதுக. வா வெரசா.”

“இன்னைக்கு என்ன கெழமை மச்சான்?”

“திங்கக்கெழம. ஏன்?”

சண்டை சனிக்கிழமை சாயங்காலம். யார் ஜெயித்தது என்று கேட்க நாக்கு துடித்தது. ஜீப்பில் ஏறியதும் பின்னாலிருந்து ஒரு பெண், “சாம்பியன் அண்ணே, ஒடம்பு வலி தேவலையா?” என்று கேட்டதில் தெரிந்துகொண்டேன். ஜெயித்திருக்கிறேன். “காலையில நாங்க ஏறும்போது அண்ணே எறங்கி நின்னு தூக்குவாளியெல்லாம் வாங்கி வச்சாரு. பார்த்து ஏறுங்கம்மான்னாரு” என்றாள் இன்னொருத்தி. எல்லாரும் சிரித்தார்கள். என் ஜென்மத்தில் நான் யாருடைய தூக்குவாளியையும் வாங்கி வைத்ததில்லை.

என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். எனக்குக் கோபம் மூக்குக்கு மேலே இருக்கும். குத்துச்சண்டைக்கு நான் வந்ததே அதனால்தான். அமெச்சூரில் ஆடும்வரை அது எப்படியோ ஓடிவிட்டது. ப்ரோ ஆனபின் கதை வேறு. கிளவுஸ் மெலிசு, எதிராளியின் முட்டி நம் எலும்பில் நேராக வந்து பேசும், கோபப்படுகிறவனுக்கு அங்கே சோறு கிடையாது. முதல் சண்டையை முட்டி மோதி ஜெயித்தேன். இரண்டாவதில் எதிரே இருந்தவன் என்னைப் பார்த்துச் சிரித்தான். அவ்வளவுதான். ரெஃப்ரி பிரித்துவிட்ட பிறகும் அவன் தாடையில் ஒன்று வைத்தேன். புள்ளி போச்சு, சண்டையும் போச்சு. மூன்றாவதிலும் தோற்றால் யாரும் கூப்பிட மாட்டார்கள் என்று மச்சான் பெங்களூர் பஸ்சில் ஏறும்போதே சொல்லியிருந்தார்.

வீட்டுக்குப் போனேன். போடிச் சந்தைக்குப் பின்னால் இரண்டு அறை வீடு. என் பெண்டாட்டி குடோனில் ஏலக்காய் தரம் பிரிக்கும் வேலைக்குப் போகிறவள். சாயங்காலம் வந்தால் கால் வலியில் முணுமுணுத்துக்கொண்டு கிடப்பாள். அன்று தலையில் கனகாம்பரம் வைத்திருந்தாள். “வாங்க. கை கால் கழுவிட்டு உக்காருங்க” என்றாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. என் மாமன் மகள் அவள். சின்ன வயதில் ஒருவர் மயிரை ஒருவர் பிடித்துச் சண்டை போட்டவர்கள் நாங்கள். கல்யாணம் ஆகியும் ‘மாமா, நீ, வா, போ’ தவிர வேறொன்றும் அவள் வாயில் வந்ததில்லை.

“என்னடி புதுசா வாங்க போங்கன்னு? பசிக்குது, சோத்தக் கொண்டா.”

தட்டை வைத்தாள். முகம் சட்டென்று வாடிப்போயிருந்தது. “அவ்வளவுதானா?” என்று கேட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள். என்ன அவ்வளவுதான்? கேட்க எனக்குத் தைரியமில்லை. கேட்டால் ஒன்றும் தெரியாதது வெளியே வரும். வெளியே வந்தால் டாக்டர், ஸ்கேன், லைசென்ஸ் என்று எல்லாம் பின்னாலேயே வரும்.

சாப்பிட்டுவிட்டு வீட்டைச் சுற்றிப் பார்த்தேன். நான் வீட்டோடு போடும் செருப்பு வாசலுக்கு வெளியே, தெருவைப் பார்த்து ஜோடியாக இருந்தது. வழக்கமாக ஒன்று கட்டிலடியிலும் ஒன்று கொல்லையிலும் கிடக்கும். என் பை கதவோரத்தில் ஜிப் போட்டுத் தயாராக நின்றது. முன்னறையில் ஒரு பாய் சுருட்டி, மேலே போர்வை மடித்து வைக்கப்பட்டிருந்தது. உள்ளறைக் கட்டிலில் ஒரு தலையணைதான் நசுங்கியிருந்தது. யாரோ வந்து தங்கி, யாருக்கும் தொந்தரவு கொடுக்காமல், எந்த நேரமும் கிளம்பத் தயாராக இருந்திருக்கிறார்கள். அந்த யாரோ என் சட்டையைப் போட்டுக்கொண்டிருந்தார்.

மறுநாள் டீக்கடைக்காரர் வேறு கிண்டல் செய்தார். “என்னப்பா, ஞாயித்துக்கெழம வந்து, ஐயா ஒரு டீ கெடைக்குமான்னு கைகட்டி நின்ன? ஜெயிச்சதும் மரியாதை வந்துருச்சேன்னு சந்தோசப்பட்டேன். இன்னைக்குப் பழைய ஆளே வந்துட்டியா?” சிரித்து வைத்தேன். அப்போதிருந்துதான் அந்த ஆளை மனதுக்குள் ‘அவர்’ என்று சொல்ல ஆரம்பித்தேன்.

ஹாலில் யாரோ எடுத்த வீடியோ மச்சான் போனில் இருந்தது. இரண்டாவது ரவுண்டில் எதிராளியின் வலது கை என் காதுக்கு மேலே விழுகிறது. நான் விழவில்லை. ஒரு நொடி நின்று, கூரை விளக்குகளைப் பார்க்கிறேன். பிறகு ஆடத் தொடங்குகிறார் பாருங்கள், அவர்! அவசரம் இல்லை, ஆத்திரம் இல்லை. வருகிற குத்துக்கெல்லாம் தலையை ஒரு விரற்கடை நகர்த்துகிறார், அது காற்றில் போகிறது. பதிலுக்கு ஒன்றே ஒன்று கொடுக்கிறார். எதிராளி என்னவோ சொல்லிச் சீண்டுகிறான், இவர் அவனை அக்கறையாகப் பார்க்கிறார். சும்மா சொல்லக்கூடாது, அப்படி ஒரு ஆட்டத்தை நான் கனவில்கூட ஆடியதில்லை. கடைசியில் ரெஃப்ரி என் கையைத் தூக்குகிறார். அவர் ரெஃப்ரியின் காதில் ஏதோ கேட்கிறார்.

“என்ன மச்சான் கேட்டேன்?”

“வெளிய போற வழி எதுன்னு கேட்டியாம். ரெஃப்ரி என்கிட்டச் சொல்லிச் சிரிச்சாரு.” மச்சான் போனை அணைத்துவிட்டு என் தோளைத் தட்டினார். “அடுத்தது ஆறு ரவுண்டு மாப்ளே. சென்னையில. அதுக்கும் இந்த ஆளே வரட்டும், என்ன?”

விளையாட்டாகத்தான் சொன்னார். எனக்கோ அது மண்டைக்குள் உட்கார்ந்துவிட்டது. அடிவாரத்து முந்தலிலிருந்து மலைச் சாலையில் மேலேறி ஓடும்போது, மேகம் வந்து மூடியதும், “வாங்க” என்று மெதுவாகச் சொல்லிப் பார்ப்பேன். வளைவுகளில் எனக்கு ஒரு எட்டு முன்னால் யாரோ சீராக ஓடுகிற சத்தம் கேட்கும். நின்றால் நிற்கும். என் காலடி பாறையில் பட்டு எதிரொலிக்கிறது என்று சொல்லிக்கொள்வேன். ஆனால் அந்தக் கால்களுக்கு மூச்சு வாங்கவில்லை, எனக்கு வாங்கியது. மதுரைக்குப் பயிற்சிக்குப் போனால், தலையில் விழும் அடியைத் தடுக்காமல் ஒன்றிரண்டை வாங்கிக்கொள்ள ஆரம்பித்தேன். எந்த அடியில் அவர் வருவாரோ, யாருக்குத் தெரியும்?

வந்தார். ஒருநாள் பயிற்சியில் காதுக்கு மேல் ஒன்று விழுந்தது. மறுநாள் மத்தியானம் நான் போடி ரயில் நிலையத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். மடியில் பை. அதில் மடித்த துணிகள், சீப்பு, ஒரு பாட்டில் தண்ணீர். நடைமேடையைப் பெருக்கிக்கொண்டிருந்த அம்மா, “இன்னுமா தம்பி உங்க ஊரு பேரு ஞாபகத்துக்கு வரல?” என்றார். இரண்டு மணி நேரமாக உட்கார்ந்திருக்கிறேனாம். வீட்டில் இருப்பவர்களுக்குச் சிரமம் கொடுத்துவிட்டேன், ஊருக்குப் போக வேண்டும், எந்த ரயில் என்று கேட்டேனாம். எந்த ஊர் என்று அந்த அம்மா கேட்டதற்கு, யோசித்துச் சொல்கிறேன் என்றேனாம்.

வீட்டுக்கு ஓடினேன். நிஜமாகவே ஓடினேன். பயத்தில் இருந்தால் எனக்குக் கோபம்தான் வரும். பெண்டாட்டி குடோனிலிருந்து சாப்பாட்டுக்கு வந்திருந்தாள். கதவு ஏன் திறந்து கிடக்கிறது என்று அவள்மேல் எரிந்து விழுந்தேன். அவள் பதிலுக்குக் கத்தவில்லை. உட்கார்ந்து என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

“மாமா, ஒண்ணு கேக்கவா? நேத்து நான் தூங்குனப்பறம் வந்து முன்னறையில படுத்துக்கிட்ட, இன்னைக்கு வந்ததும் எரிஞ்சு விழுற. பெங்களூரு போயிட்டு வந்தப்ப ரெண்டு நாள் இருந்தியே, அந்த மாதிரி இருக்கக் கூடாதா? நான் என்ன நகையா கேக்குறேன்? அந்த ரெண்டு நாளுதான் இந்த வீட்டுல நான் மனுசியா இருந்தேன்.”

அடக்க முடியவில்லை. கொட்டிவிட்டேன். “அது நான் இல்ல புள்ள. எனக்கு ஒண்ணுமே ஞாபகம் இல்ல. அடி பட்டதுல மூளை கலங்கிக் கெடந்திருக்கேன். நீ யாருன்னே தெரியாமத்தான் இந்த வீட்டுல இருந்திருக்கேன்.”

முதலில் சிரித்தாள். நான் சிரிக்கவில்லை என்று கண்டதும் அவள் முகத்திலிருந்து சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. பிறகு, தனக்குத்தானே சொல்லிக்கொள்வதுபோல் ஒவ்வொன்றாகச் சொன்னாள். வாசலில் நின்று, உள்ளே வரலாமா என்று கேட்டிருக்கிறேன். தண்ணீர் குடித்துவிட்டு நன்றி சொல்லியிருக்கிறேன். அவளுக்குக் கால் வலி என்றதும் வெந்நீர் வைத்துக் கொடுத்துவிட்டு, அவள் காலைத் தொடாமல் தள்ளி நின்றிருக்கிறேன். சுவரில் இருந்த எங்கள் கல்யாண போட்டோவை ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, “ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க” என்றிருக்கிறேன். அவள் விழுந்து விழுந்து சிரித்தாளாம். விளையாடுகிறான், ஜெயித்த சந்தோஷம் என்று நினைத்தாளாம். அவளும் சேர்ந்துகொண்டு விருந்தாளியிடம் பேசுவதுபோல் வாங்க போங்க என்று பேசியிருக்கிறாள்.

“திங்கக்கெழம காலையில” என்று ஆரம்பித்து நிறுத்தினாள். கண்ணில் தண்ணீர் கோத்துக்கொண்டு நின்றது. “திங்கக்கெழம காலையில, இந்த வீட்டுக்காரர் எப்பங்க வருவாருன்னு கேட்ட. நான் வெளையாட்டுக்குத்தான் சொன்னேன் மாமா. அவரு வராட்டிப் போறாரு, நீங்களே இருந்துக்கங்கன்னேன்.”

“அதுக்கு நான் என்ன சொன்னேன்?”

“அப்படிச் சொல்லாதீங்க, பாவம், அவருக்கு இதுதானே வீடுன்னு சொன்ன.”

ஓவென்று அழுதாள். நானும் அழுதேன், மறைக்க என்ன இருக்கிறது? எனக்காக எவனோ ஒருவன் என் வீட்டில் பரிந்து பேசிவிட்டுப் போயிருக்கிறான்.

மதுரையில் நரம்பு டாக்டர் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். “இனி தலையில ஒரு அடி விழக்கூடாது. விழுந்தா, இந்த ரெண்டு தடவை மாதிரி நீங்க திரும்பி வருவீங்கன்னு என்னால உறுதி சொல்ல முடியாது” என்றார். மச்சான் தலையைக் குனிந்துகொண்டு வராந்தாவுக்குப் போய் சென்னைக்குப் போன் போட்டார். மூன்று சண்டையிலும் எனக்கு ஸ்டூல் போட்டவர், பாவம். ஆறு ரவுண்டு சண்டைக்கு வேறொரு பையன் போனான். ஜெயித்தானா என்று நான் கேட்கவில்லை.

இப்போது மச்சானும் நானும் மாற்றி மாற்றி ஜீப் ஓட்டுகிறோம். கோபத்தைக் குறைத்துக்கொள்ளத்தான் பார்க்கிறேன். அந்த இரண்டு நாட்களை அவள் எப்படிச் சொன்னாள் என்பது காதில் இருக்கிறதே, நானாகவே அவளுக்கு அப்படி இருந்துவிட வேண்டும் என்றுதான் ஆசை. ஆனால் அதற்கு அவள் விட வேண்டுமே. நேற்று வேலை முடிந்து வந்து உட்கார்ந்தவளிடம், “களைச்சுப் போயிருக்கியே, நீ படு, நான் உலை வைக்கிறேன்” என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். விருட்டென்று எழுந்து வந்தாள். இரண்டு கையாலும் என் முகத்தைப் பிடித்துத் தன் பக்கம் திருப்பினாள்.

“நான் யாரு மாமா? சொல்லு.”

அவள் பேரைச் சொன்னேன். இன்னொரு தரம் சொல்லச் சொன்னாள்.