மீன் தொட்டியோடு தேவா அண்ணை

தேவா அண்ணை போய்விட்டார். இன்று விடிய, கொட்டாஞ்சேனை வீட்டில். நெஞ்சுவலியாம்...

தெரியாதவர்களுக்கு: நாங்கள் நாலைந்து பேர் சேர்ந்து சனத்தைச் சிரிக்க வைக்க எடுக்கும் விசர்ப் பகிடிப் படங்கள் எல்லாவற்றுக்கும் அவர்தான் ஹீரோ. மற்ற நாட்களில் மருதானையில் ஸ்பெயார் பார்ட்ஸ் கடையில் வேலை.

முதல் படத்தில் கழன்ற ஃப்ரிட்ஜ் கதவு ஒன்றைத் தூக்கிக்கொண்டு, அதற்குரிய ஃப்ரிட்ஜைத் தேடி பாமன்கடை முழுக்க அலைவார். வெள்ளவத்தையில் ஒரு ஹோலில் போட்டுக் காட்டினோம். ஒருவரும் சிரிக்கவில்லை.

பின்வரிசையில் இருந்து அவரே சிரிக்கத் தொடங்கினார். பிறகுதான் சனத்துக்குத் துணிவு வந்தது. அப்படி ஒரு மனுசன்.

இந்தப் புதுப் படம்... லிஃப்ட் பழுதான ஃப்ளாட்டில் அவர் மீன் தொட்டியோடு படியேற வேண்டும். நாலாம் மாடியில் திடீரென்று உட்கார்ந்துவிட்டார். தொட்டியை மடியில் வைத்து, கமராவைப் பார்த்து, வாயைத் திறந்து திறந்து மூடினார். மீனும் அதையேதான் செய்தது.

ஸ்கிரிப்டில் இல்லாத விஷயம். விழுந்து விழுந்து சிரித்தோம்.

எடிட்டில் பெரிய ஸ்கிரீனில் பார்த்தபோதுதான் கவனித்தேன். அவரின் உதடு கறுத்திருந்தது. தொட்டித் தண்ணீர் நடுங்கிக்கொண்டே இருந்தது.

உடனே அவருக்குக் கோல் எடுத்தேன். உடம்புக்கு ஏலாமல்தான் இருந்தேன் என்றார், சாதாரணமாக. டொக்டரிடம் போகிறேன் என்றும் சொன்னார்.

"ஆக்கள் சிரிப்பினம். நீர் அதை வெட்டாதையும். வீட்டில சாந்திக்கும் சொல்லிப்போடாதையும்."

நான் வெட்டவில்லை. எனக்கும் அந்த ஷொட் வேண்டியிருந்தது... அதுதான் உண்மை. டொக்டரிடம் போனாரா என்று திருப்பிக் கேட்கவும் இல்லை. ட்ரெய்லரில் போட்டேன். நீங்கள் எல்லோரும் சிரித்தீர்கள்.

காலையில் இருந்து அந்த க்ளிப்பைத்தான் எல்லோரும் அஞ்சலி என்று ஷெயார் பண்ணுகிறீர்கள்.

மத்தியானம் அவரின் மனைவி சாந்தி அக்கா கோல் எடுத்தார். செத்த வீட்டில் பெடியள் அதை டீவியில் போட்டிருக்கிறார்களாம்.

"தம்பி, இதில அவர் நடிக்கேல்லைத்தானே?"

"ஓம் அக்கா, நடிக்கேல்லை" என்றேன்.

அக்கா போனை வைக்கவில்லை. பின்னால் சனம் சிரிக்கும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது.

தயவுசெய்து அந்த க்ளிப்பை இனிப் போடாதீர்கள்.

போயிட்டு வாங்கோ அண்ணை...