ஓட்டாத படம்

என் அக்காள் கணவரைத் தெருவில் எல்லோரும் டப்பாக்காரர் என்றுதான் சொல்வார்கள். வீடு முழுக்கப் படச்சுருள் டப்பாக்கள். கட்டிலுக்கு அடியில், அலமாரியில், குளியலறைப் பரணில்கூட. யாராவது உட்கார வேண்டுமென்றால் முதலில் ஒரு சினிமாவைத் தூக்கி ஓரமாக வைக்க வேண்டும்.

அத்தான் பார்க்காத வேலை இல்லை. கல்யாண வீடியோ எடுத்தார். விளம்பரக் கம்பெனியில் சோப்பு நுரை கலக்கினார். தியேட்டரில் புரொஜெக்டர் ஓட்டினார். கேசட் கடை வைத்து, நல்ல படங்களை வாடகைக்குக் கொடுக்க மனசு வராமல் உள்ளே ஒளித்துவைத்தே கடையைப் படுக்க வைத்தார். தியேட்டர்கள் மூடப்பட்டபோது, எடைக்குப் போக இருந்த சுருள்களை எல்லாம் வீட்டுக்குக் கொண்டுவந்தார்.

நடுவில் சொந்தமாக ஒரு படமும் எடுத்தார். இயக்குநர், தயாரிப்பாளர், டீ வாங்கி வருகிறவர் எல்லாம் அவரே. நடிகைக்குக் கொடுக்க வழியில்லாமல் அக்காவையே கதாநாயகி ஆக்கினார். நான் தபால்காரன், கதவைத் தட்டிவிட்டுப் போய்விடுவேன். ஒரு சின்ன அரங்கில் ஒரே ஒரு காட்சி ஓடியது. வாங்க ஆளில்லை, படம் பெட்டிக்குள் போனது.

அவர்களுடைய ஒரே மகள் நடை பழகிக்கொண்டிருந்தபோது அக்கா காய்ச்சலில் போய்விட்டாள். போட்டோக்கள் இருந்தன. ஆனால் அவள் நடப்பதும் பேசுவதும் அந்தப் படத்தில் மட்டும்தான். நெகட்டிவ் இருந்த லேபையும் இழுத்து மூடிவிட்டார்கள். மிஞ்சியது அத்தானிடம் இருந்த ஒரு பிரதி.

மகள் விவரம் தெரிந்த நாளிலிருந்து படத்தைக் கேட்டாள். "ஓட்டினா தேஞ்சிடும்மா" என்பார். கம்ப்யூட்டரிலாவது ஏற்றி வையுங்கள் என்று நான் எத்தனையோ முறை கத்தியிருக்கிறேன். மெஷினில் சிக்கிக் கிழிந்துவிட்டால் என்ன செய்வது என்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஊரான் படங்களை எல்லாம் வருஷம் தவறாமல் திறந்து, காற்றாட விட்டு, சுற்றி வைப்பார். அக்கா படத்தின் டப்பாக்களுக்கு மட்டும் தூசி கூடப் புகக்கூடாது என்று டேப் மேல் டேப்பாக ஒட்டி வைத்திருந்தார்.

மகளுக்கு வெளிநாட்டில் வேலை கிடைத்தது. பார்க்காமல் போக மாட்டேன் என்று ஒரே பிடியாக நின்றாள். அத்தான் இறங்கி வந்தார். சவரம் செய்துகொண்டு, கூடத்தில் வெள்ளைத் துணி கட்டி, புரொஜெக்டரைத் துடைத்து வைத்தார். டேப்பைப் பிரித்து முதல் டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை கண்ணைக் கரித்தது.

பழைய படச்சுருளில் ஒரு புளித்த ஆவி கிளம்பும். திறந்துவிட்டால் போய்விடும், அடைத்து வைத்தால் சுருளையே தின்றுவிடும். வீட்டுக்கு வருகிற எல்லோருக்கும் அவர் பாடம் எடுக்கிற விஷயம்தான் இது. சுருள் செங்கல் மாதிரி இறுகியிருந்தது. நகத்தால் ஓரத்தை நெம்பினார், செதில் செதிலாக உதிர்ந்தது. மற்ற டப்பாக்களும் அப்படியே.

அவரை நாலு வார்த்தை நன்றாகக் கேட்க வேண்டும் என்று வாயைத் திறந்தேன். கோபம் வரவில்லை. அழுகையாவது வருமா என்று பார்த்தேன், அதுவும் இல்லை. பஸ்ஸுக்குக் காத்திருப்பவர்கள் மாதிரி மூன்று பேரும் துணியைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தோம்.

மகள்தான் கேட்டாள். "அம்மா குரல் எப்படிப்பா இருக்கும்?"

எந்தப் படத்து வசனத்தையும் அந்தந்தக் குரலிலேயே பேசிக்காட்டக்கூடியவர் அத்தான்.

"அதான் படத்துல இருக்கே, எப்ப வேணும்னாலும் கேட்டுக்கலாம்னு... ஞாபகம் வெச்சுக்கலம்மா."

அவள் என்னைப் பார்த்தாள். நானும் யோசித்தேன். அக்கா சொன்னதெல்லாம் நினைவில் இருக்கிறது, குரல் மட்டும் இல்லை.

"நல்லா இருக்கும்" என்றேன்.