சுவருக்கு அந்தப் பக்கத்துப் பாட்டு

சனிக்கிழமை சாயங்காலம் ஆனால் எங்கள் வீட்டுச் சுவர் ஜப்பான் மொழியில் பாடும். தாராவியில் பக்கத்து வீட்டுக்கும் நமக்கும் நடுவே ஒற்றைச் செங்கல் சுவர்தான். அந்தப் பக்கம் சுசீலா வீடு. என் மகள் செல்வி அங்கே போய் டிவியில் ஜப்பான் நாடகம் பார்ப்பாள். முடியப்போகிற நேரத்தில், யாராவது அழுகிற இடத்தில், அந்தப் பாட்டு வரும். ஊரில் இருக்கிறவர்கள் இதைக் கேட்டால் சிரிப்பார்கள். எனக்கு வயிறு எரிந்தது.

சுசீலா மராட்டிக்காரி. நான் கல்யாணமாகித் திருநெல்வேலிப் பக்கமிருந்து வந்த புதிதில், குழாயடியில் பாஷை தெரியாமல் ஒதுங்கி நிற்பேன். என் குடத்தை வாங்கித் தன் குடத்துக்கு முன்னால் வைத்தவள் அவள்தான். எங்கள் ஊர்க் குழாயடியில் சொந்தக்காரர்களைத்தான் அப்படி முன்னால் விடுவார்கள். செல்விக்கு அவள் மாவ்ஷி, மராத்தியில் சித்தி. அவள் வாயைத் திறந்தால் தெருவே கூடும். எனக்கோ இன்றைக்கும் இந்தி வெங்காயம் வாங்குகிற அளவுக்குத்தான். அந்தக் கூச்சத்தில் நான் எங்கேயும் போய் உட்காருவதில்லை. செல்வியும் ஒரு தடவை கூப்பிட்டுவிட்டு, "ஒனக்குப் புரியாதும்மா" என்று அவளே முடித்துக்கொண்டாள்.

சுசீலாவுக்கு மட்டும் ஜப்பான் மொழி புரியுமா? கீழே ஓடுகிற இங்கிலீஷைப் படித்துப் படித்து, செல்வி அவளுக்கு மராத்தியில் சொல்லிக்கொண்டே வருவாள். செம்பூர் ஆபீஸிலிருந்து வந்தால் என்னிடம் நாலு வார்த்தை பேசாத பிள்ளை, அங்கே கதை கதையாகச் சொல்லும். நான் இந்தப் பக்கம் பூண்டு உரித்தபடி கேட்டுக்கொண்டிருப்பேன்.

அந்தப் பாட்டை மட்டும் தனியாக ஒரு சிடியில் போட்டு வெளியிட்டார்களாம். சிங்கிள் என்று பேர். செல்வி ஜப்பானிலிருந்தே வரவழைத்தாள். போட்டுக் கேட்க இரண்டு வீட்டிலும் மெஷின் கிடையாது. கொண்டுபோய் சுசீலா வீட்டு ஷோகேஸில் வைத்தாள். புதுச் சாமான் வந்தால் வைக்கிற மாதிரி, சுசீலா அதன் டப்பாவில் மஞ்சள் குங்குமம் வைத்தாள். செல்வி சிரித்துப் போட்டோ எடுத்தாள். சரஸ்வதி பூசைக்கு நான் லேப்டாப்பில் வைத்த சந்தனத்தை முகம் சுளித்துத் துடைத்தவளும் இவள்தான்.

"நம்ம வீட்ல வைக்கக்கூடாதாட்டி?" என்றேன்.

"இங்க எங்கம்மா எடம் கெடக்கு? மாவ்ஷி வீட்ல கண்ணாடி போட்டிருக்குல்லா."

நாடகம் முடிகிற சனிக்கிழமை. மூலையில் இருக்கிற மோரியில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தேன். வாசலில் சுசீலா இடுப்பில் கை வைத்து நின்றாள்.

"அக்கா, வஹீ கானா? ஃபிர் ஸே காவோ."

அதே பாட்டா, திரும்பப் பாடு என்கிறாள். நான் முணுமுணுத்தது எனக்கே தெரியவில்லை. "குச் நஹி", ஒன்றுமில்லை என்று வெட்கத்தில் தலையைக் குனிந்துகொண்டேன்.

அவள் விடவில்லை. வாராவாரம் உட்கார்ந்து பார்க்கிற தனக்கு ஒரு வரிகூட வாயில் நிற்கவில்லை, பார்க்காத இவள் முழுசாகப் பாடுகிறாளே என்று, பின்னாலேயே வந்து நின்ற செல்வியிடம் முறையிட்டாள். அந்த முகத்தில் இருந்த எரிச்சல் எனக்கு நன்றாகத் தெரிந்த எரிச்சல். சொன்னால் என்ன, மனசு குளிர்ந்தது.

"யம்மா, நீ எப்ப படிச்ச?" என்றாள் செல்வி.

"நீங்க சத்தமா வச்சா நான் என்ன செய்ய? காதைக் கழத்தியா வைக்க?"

சுசீலா என் ஈரக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள்.

செல்வி நடுவில் உட்கார்ந்தாள். அந்தப் பக்கம் திரும்பி மராத்தியில் சொன்னாள், இந்தப் பக்கம் திரும்பித் தமிழில். அவளுக்குச் சொன்னது நீளம், எனக்குச் சொன்னது குட்டை. அதையும் கவனித்தேன். கடைசியில் ஒரு பெண் ரயிலடியில் நின்று அழ, பாட்டு வந்தது. அவர்கள் இரண்டு பேரும் கண்ணைத் துடைத்தார்கள். எனக்கு அது யாருடைய பாட்டோ போல இருந்தது. சத்தம் அதிகம், சுவர் வடிகட்டித் தந்த மெதுவு இல்லை. கண் டிவியில் இருந்தாலும், காது சுவரில்தான் இருந்தது. அதற்கு அந்தப் பக்கம், ஆளில்லாத என் வீட்டில், எனக்குத் தெரிந்த பாட்டு ஓடிக்கொண்டிருந்தது.