கம்பவுண்டர் கேட்கும் கேள்வி

கால்நடை மருத்துவமனைக் கம்பவுண்டருக்கு மனைவியின் போன் வந்தபோது மதியம் மூன்றேகால். "நம்ம குண்டன் போயிட்டான்ங்க" என்றாள். பதினோரு வருடம் வளர்த்த நாய்.

அவருக்கு ஒரு வழக்கம் உண்டு. மருத்துவமனையில் ஒரு பிராணி இறந்தால், நான்காம் நாள் அந்த வீட்டுக்கு போன் செய்வார். ஆறுதல் எதுவும் சொல்ல மாட்டார். "அது பண்ணின சேட்டையில ஒண்ணு சொல்லுங்க" என்று கேட்டுவிட்டு, காது கொடுத்துக் கேட்பார். அழுதுகொண்டே தொடங்குகிறவர்கள் சிரித்துவிடுவார்கள்.

தன் வீட்டில் நான்கு நாளாகியும் அதைக் கேட்க அவருக்கு நா எழவில்லை.

"ஊர்ல இருக்கறவங்களுக்கெல்லாம் போன் போடுறீங்க. என்கிட்ட கேக்க மாட்டீங்களா?" என்றாள் மனைவி.

அவர் பக்கத்தில் உட்கார்ந்தார். "சரி, சொல்லு. என்ன சேட்டை பண்ணுவான்?"

"நகவெட்டியைக் கண்டாலே கட்டிலுக்கு அடியில பூந்துக்குவான். ஆஸ்பத்திரியில பெரிய ஆளு, இங்க தரையோட தரையா படுத்து 'வாடா ராஜா'ன்னு கெஞ்சுவீங்களே!"

சொல்லும்போதே அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவருக்கும் வந்தது. இன்னொரு முறை அப்படிப் படுத்துக் கெஞ்ச மாட்டோமா என்றிருந்தது.

கடைசி ஞாயிற்றுக்கிழமை மூன்று கால்களுக்குத்தான் நகம் வெட்டியிருந்தார். நான்காவது காலை அவன் கொடுக்கவில்லை.