மஸ்கட்டில் இல்லாத என் மகன்

ஆண்டவர் எனக்குச் செய்ததை மறைக்காமல் சொல்ல வேண்டும் என்று எழுதுகிறேன். என் பெயர் ரோஸ்லெட். நெய்யூர் பக்கம் ஒரு அண்டி ஆபீஸில் முந்திரி உடைக்கிற வேலை. கணவர் இல்லை. ஒரே மகன் ஜெபின். டிப்பர் லாரி ஓட்டுவான்.

போன வருஷம் ஓணம் லீவில், அவன் தங்கி வேலை பார்த்த ஆரல்வாய்மொழியில் ஒரு அடிதடி. அவனைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அவன் ஒன்றும் செய்யவில்லை என்று நான் சொல்ல வரவில்லை. கை நீட்டியிருக்கிறான். பழைய கேஸும் இரண்டு உண்டு. சீக்கிரம் ஜாமீன் கிடைக்கும் என்று நம்பியிருந்தேன். அதற்குள் குண்டர் சட்டம் போட்டுவிட்டார்கள். ஒரு வருஷம் பாளையங்கோட்டை ஜெயிலில் வைக்க உத்தரவு. விசாரணையும் இல்லை, தீர்ப்பும் இல்லை.

எனக்கு வந்த காகிதத்தில், அரசாங்கத்துக்கு மனு கொடுக்கலாம் என்று ஒரு வரி இருந்தது. வக்கீல் வைக்க எனக்கு வழியில்லை. நானே கைப்பட எழுதி, சென்னைக்கு ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பினேன். மனு கிடைத்ததாக முத்திரை குத்திய அட்டை திரும்பி வந்தது. அதோடு சரி. அட்டையைப் பைபிளில், சங்கீதத்துக்கு நடுவே வைத்தேன். தினமும் தபால்காரரைப் பார்த்துப் பார்த்துக் கண் பூத்துப்போனது. அரசாங்கமும் பேசவில்லை. ஆண்டவரும் பேசவில்லை.

ஊரில் நான் என்ன சொன்னேன் தெரியுமா? மகன் மஸ்கட்டுக்குப் போய்விட்டான் என்று சொன்னேன். எங்கள் சபையில் ஞாயிறுதோறும் வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகளின் பெயரை வாசித்து ஜெபிப்பார்கள். போதகர் ஜெபின் பெயரையும் அதில் சேர்த்துக்கொண்டார். சபையே ஆமென் சொல்லும். நான் தலையைக் குனிந்துகொள்வேன். அத்தனை பேருக்கு நடுவில் இருந்தும் எனக்கென்று ஒருவரும் இல்லை.

தலைவலி என்று லீவு சொல்லிவிட்டுப் பாளையங்கோட்டைக்குப் பஸ் ஏறினேன். கம்பிக்கு அந்தப் பக்கம் ஜெபின் மெலிந்து போயிருந்தான். அவனை அடைத்தது சரியா என்று பார்க்க ஒரு குழு உண்டாம்.

"அங்க வக்கீல் வரக்கூடாதாம்மா. வக்கீல் அல்லாத ஒரு கூட்டுக்காரனோ சொந்தக்காரங்களோ வேணும்னா கூட நிக்கலாமாம். எனக்கு யாரும்மா உண்டு?"

நான் போய் நின்றிருக்கலாம். யார் கண்ணிலாவது பட்டுவிடுவேனோ என்று பயந்தேன். பிள்ளை தனியாகவே நின்றான். உத்தரவு அப்படியே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்கள். அந்தக் குற்ற உணர்ச்சி இன்றைக்கும் எனக்கு உண்டு.

அண்டி எண்ணெய் பட்டுக் கறுத்த கையை விரித்து, வேலை செய்த இடத்திலேயே ஜெபித்தேன். "ஆண்டவரே, எங்க கூட நிக்க ஒரே ஒரு ஆளைத் தாரும்."

அடுத்த ஞாயிறு போதகர் வழக்கம்போல, "மஸ்கட்டில் வேலை செய்யும் ஜெபின்" என்று வாசித்தார். என்னால் உட்கார முடியவில்லை.

"அவன் மஸ்கட்ல இல்ல அய்யா. பாளையங்கோட்டை ஜெயில்ல கெடக்கான். நான் கள்ளம் சொன்னேன்."

யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஆராதனை முடிந்து யாரும் பேசவும் இல்லை. தனியாக வீட்டுக்கு நடந்தேன். கணவரை அடக்கம் செய்த அன்றுகூட அப்படி ஒரு தனிமையை நான் அறிந்ததில்லை.

மத்தியானம் ஞானசெல்வி அக்கா வந்தார்கள். அவர்களுடைய மகன் உண்மையாகவே மஸ்கட்டில் இருக்கிறான். எந்தக் கம்பெனி என்று கேட்டுவிடுவார்களோ என்று நான் ஒளிந்து நடந்ததே அவர்களைக் கண்டுதான். கோர்ட்டில் டைப்பிஸ்டாக இருந்து ரிட்டயரானவர்கள்.

"ஏட்டி, என்னக் கண்டா நீ ஏன் வழி மாறிப் போறன்னு இப்பதான் வெளங்குது. ஜெயில்ல கெடக்கவனுக்கு சும்மா வக்கீல் வச்சுத் தருவாங்க, அதாவது தெரியுமா ஒனக்கு? நாளைக்கு எனக்க கூட நாகர்கோவிலுக்கு வா."

மறுநாள் இலவச சட்ட உதவி மையத்தில் அக்கா என் பக்கத்திலேயே உட்கார்ந்து மனுவை நிரப்பினார்கள். மதுரை ஹைகோர்ட்டில் வழக்குப் போட மையத்திலிருந்து ஒரு வக்கீலம்மாவைத் தந்தார்கள். சின்ன வயசு. காகிதங்களைப் புரட்டிவிட்டுக் கேட்டார், "அரசாங்கத்துக்கு நீங்க ஏதாவது மனு அனுப்பினீங்களா அம்மா?"

"அனுப்பினேன். பதிலே வரல்ல."

"அனுப்பினதுக்கு அத்தாட்சி இருக்கா?"

பைபிளைத் திறந்து அட்டையைக் கொடுத்தேன். அவர் அதிலிருந்த முத்திரையைப் பார்த்து விரல் விட்டு நாட்களை எண்ணினார். இப்படி அடைத்து வைத்தவருக்காக வரும் மனுவைத் தாமதிக்காமல் பார்த்துப் பதில் சொல்ல வேண்டுமாம். சொல்லாவிட்டால் அந்த உத்தரவே நிற்காதாம். கடைசியில் மதுரையில் அந்த ஒரு காரணத்துக்காகவே உத்தரவை ரத்து செய்தார்கள். அடிதடி கேஸில் ஜாமீனும் கிடைத்தது. பதில் வராத நாட்களை நான் கைவிடப்பட்ட நாட்கள் என்று நினைத்து அழுதேன். ஒரு நாளைக்கூட விடாமல் ஆண்டவர் எண்ணி வைத்திருந்தார்.

ஜெபின் இப்போது வீட்டில்தான் இருக்கிறான். அடிதடி கேஸ் இன்னும் நடக்கிறது. திங்கள்தோறும் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட்டுவிட்டு லாரிக்குப் போகிறான். பழைய சேர்க்கை இல்லை. ஞாயிறு என் பக்கத்தில் உட்காருகிறான். நானும் அதற்குப் பிறகு பொய் சொல்வதில்லை, தலைவலி என்றுகூட.

சபையில் வெளிநாட்டுப் பிள்ளைகளின் பெயரை வாசித்த பிறகு, சிறையில் இருப்பவர்களின் பெயரையும் இப்போது வாசிக்கிறார்கள். போன மாதம் பெயர் இல்லாமல் ஒரு ஜெபக் குறிப்பு வந்தது. "ஒரு தாயின் மகன்" என்று மட்டும் எழுதியிருந்தது. அம்மா, நீங்கள் யாரென்று எனக்குத் தெரியாது. நான் கடைசி பெஞ்சில், தூண் பக்கம் இருப்பேன். நாகர்கோவிலுக்கு நானும் உங்களோடு வருகிறேன். ஆண்டவர் அனுப்புகிற ஆளுக்கு உங்கள் வீடு தெரிய வேண்டாமா? பிள்ளையின் பெயரைச் சொல்லுங்கள்.